சிறை விதி 464: அயோத்திதாசரை எங்கிருந்து வாசிப்பது?

2024 அக்டோபர் 3 அன்று, சுகன்யா சாந்தா எதிர் இந்திய ஒன்றியம் என்னும் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. துப்புரவுப் பணியை ஒரு சாதிக்கும் சமையல் பணியை இன்னொரு சாதிக்கும் ஒதுக்கிவைத்த பல மாநிலச் சிறைக் கையேடுகளின் விதிகள், அரசமைப்புச் சட்டத்தின் 14, 15, 17, 21, 23 ஆகிய கூறுகளுக்கு எதிரானவை என்று மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு அறிவித்தது. சிறைப் பதிவேடுகளில் உள்ள சாதிப் பத்தியை நீக்க வேண்டும் என்றும், மூன்று மாதங்களுக்குள் கையேடுகளைத் திருத்த வேண்டும் என்றும் ஆணையிட்டது.

இத்தீர்ப்புக்கு ஏறத்தாழ 133 ஆண்டுகளுக்கு முன், 1891 டிசம்பர் 1 அன்று, உதகமண்டலத்தில் ஒரு மாநாடு கூடியது. திராவிட மகாஜன சபை என்னும் அமைப்பின் முதல் மாநாடு அது. அங்கு முன்வைக்கப்பட்ட பத்துக் கோரிக்கைகளுள் ஒன்று, சென்னை மாகாணச் சிறை விதி 464-ஐ நீக்க வேண்டும் என்பது. சிறைக்குள் பறையர்களை இழிவான வேலைகளைச் செய்யுமாறு கட்டாயப்படுத்த இடம் தந்த விதி அது. அக்கோரிக்கையை வடித்தவர் ஒரு சித்த மருத்துவர், பெயர் க. அயோத்திதாசப் பண்டிதர்.

ஒரு மருத்துவர், தாம் வாழ்ந்த காலத்துச் சிறை விதியின் எண் வரை அறிந்து மனு எழுதியிருக்கிறார். அக்கோரிக்கையைச் சட்ட மாணவர்களாகிய நாம் எந்தப் பாடநூலிலும் சந்திக்கவில்லை. இன்று அவர் பெயரில் நூல்கள் பெருகியுள்ளன. சிலைகளும் அஞ்சல்தலையும் வந்துவிட்டன. ஆயினும் அவரைத் திராவிட இயக்கத்தின் முன்னோடி, தமிழ்ப் பௌத்தத்தின் மீட்பர், அம்பேத்கருக்கு முந்திய அம்பேத்கர் என்று, பின்னால் வந்த யாரோ ஒருவரின் நிழலில் நிறுத்தியே பேசுகிறோம். அவரை அவருடைய ஆவணங்களிலிருந்து வாசிக்க வேண்டும் என்பதே இக்கட்டுரையின் வாதம். சாதி வாழ்வது மனங்களில் மட்டுமன்று; கணக்கெடுப்புப் படிவத்திலும் சிறைக் கையேட்டிலும் அச்சிட்ட கதைகளிலும் அது வாழ்கிறது என்பதைக் கண்டு, அந்த ஏடுகளுக்குள்ளேயே புகுந்து போராடியவர் அவர்.

சுவடியைக் கொடுத்த குடும்பம்

அயோத்திதாசர் 1845 மே 20 அன்று பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் காத்தவராயன். அவருடைய பாட்டனார் கந்தப்பன், ஆரிங்டன் என்னும் ஆங்கிலேயரிடம் பட்லராகப் பணியாற்றியவர். கந்தப்பன் தம் குடும்பத்தில் இருந்த திருக்குறள், நாலடியார் ஓலைச்சுவடிகளை ஆரிங்டனிடம் கொடுத்தார். அவை தமிழறிஞரும் மாகாண அதிகாரியுமான எல்லிசின் கைக்குச் சென்றன. எல்லிசு குறளுக்கு ஆங்கிலத்தில் மொழிபெயர்ப்பும் விளக்கமும் எழுதியவர். இச்செய்தியைப் பிற்காலத்தில் அயோத்திதாசரே பதிவு செய்தார்.

அவர் ஏன் இதைப் பதிவு செய்தார் என்பதைக் கவனிக்க வேண்டும். ஒரு பட்லரின் வீட்டில் குறள் சுவடி இருந்தது என்பதே, தீண்டப்படாதோர் என்றும் கல்லாதோர் என்றும் எழுதப்பட்டுவந்த வரலாற்றுக்கு எதிரான சான்று. சுவடி அச்சேறியபோது அதைக் காத்துவந்தவர்களின் பெயர் அச்சேறவில்லை. பேரனின் வாழ்நாள் உழைப்பு முழுவதையும் இந்த விடுபடலுக்கு எதிரான முறையீடாக வாசிக்க இடமுண்டு.

காத்தவராயன் நீலகிரியில் வளர்ந்தார். தமிழும் சித்த மருத்துவமும் கற்றார்; வடமொழி, பாலி, ஆங்கிலம் ஆகியவற்றிலும் பயிற்சி பெற்றார். தமக்குக் கற்பித்த அயோத்திதாசக் கவிராஜ பண்டிதரின் பெயரையே தம் பெயராக ஏற்றுக்கொண்டார். பிறப்பால் வந்த பெயரை விடுத்துக் கல்வியால் வந்த பெயரைச் சூடிக்கொண்ட அம்மனிதர், பின்னாளில் ஒரு மக்கள் கூட்டத்தின் பெயரையே மாற்றி எழுதக் கோரியது தற்செயல் அன்று.

பெயரை யார் எழுதுவது?

1870களில் அவர் நீலகிரியில் அத்வைதானந்த சபையை நிறுவினார். எல்லா உயிரும் ஒன்றே என்று பேசும் அத்வைதம், சாதியை மறுக்கும் கருவியாகலாம் என்ற நம்பிக்கை அப்போது அவருக்கு இருந்தது. அந்நம்பிக்கை நீடிக்கவில்லை. 1880களின் நடுவில் அருட்திரு ஜான் ரத்தினத்துடன் இணைந்து ‘திராவிடப் பாண்டியன்’ இதழில் பணியாற்றினார். 1886-இல், தாழ்த்தப்பட்ட மக்கள் இந்துக்கள் அல்லர் என்று அறிவித்தார். 1891-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்போது, தம் மக்கள் தங்களைச் சாதியற்ற திராவிடர் என்று பதிவு செய்துகொள்ள வேண்டும் எனக் கேட்டுக்கொண்டார்.

காலனிய அரசு நடத்திய கணக்கெடுப்பு வெறும் எண்ணிக்கை அன்று. யார் இந்து, யார் எந்தச் சாதி, எந்தச் சாதி எந்தப் படியில் என்பதை அரசாங்கத்தின் முத்திரையோடு நிலைப்படுத்திய நடவடிக்கை அது. அதுவரை ஊருக்கு ஊர் மாறிக்கொண்டிருந்த வழக்குகள், படிவத்தில் ஏறியதும் மாகாணம் முழுமைக்குமான உண்மையாக மாறின. ஒருமுறை எழுதப்பட்ட சாதிப் பெயர் பள்ளிச் சேர்க்கையிலும் வேலை விண்ணப்பத்திலும் நீதிமன்ற வழக்கிலும் தொடர்ந்து வரும். இதை அறிந்ததால்தான் அவர் மேடையோடு நிற்காமல் படிவத்தையும் போர்க்களமாக்கினார். 1911 கணக்கெடுப்பு நெருங்கியபோதும் அவர் அதே வேலையில்தான் இருந்தார். அப்போது பௌத்தர் என்று பதிவு செய்துகொள்ளும்படி தம் இதழின் வழியே வலியுறுத்தினார்.

இவ்விடத்தில் அவருக்கும் இரட்டைமலை சீனிவாசனுக்கும் இருந்த வேறுபாட்டைச் சொல்ல வேண்டும். இருவரும் மண உறவால் நெருங்கியவர்கள். சீனிவாசன் 1893-இல் தொடங்கிய இதழுக்குப் ‘பறையன்’ என்றே பெயரிட்டார். இழிவு ஏற்றப்பட்ட பெயரை மறைக்காமல் தாங்கிப் பிடித்து, அப்பெயராலேயே உரிமை கேட்பது அவருடைய வழி. அயோத்திதாசருக்கு அது உடன்பாடில்லை. அப்பெயர் பகைவர் சுமத்திய பெயர் என்றும், அதை ஏற்கும் கணமே பகைவர் எழுதிய வரலாற்றையும் ஏற்றுவிடுகிறோம் என்றும் அவர் கருதினார். தலித் என்ற சொல்லை ஏற்பதா, ஆதித்தமிழர் என்பதா, பட்டியல் சாதி என்பதா என்று இன்று நம் கல்லூரி விடுதிகளில் நடக்கும் விவாதம், 1890களில் ஒரே குடும்ப வட்டத்துக்குள் தொடங்கிவிட்டது. இருவரில் ஒருவரைத் தேர்ந்தெடுத்தாக வேண்டிய கட்டாயம் நமக்கு இல்லை. இரு வழிகளுக்கும் பின்னால் இருந்த கணக்கை அறிந்துகொள்ளும் கட்டாயம் உண்டு.

பத்துக் கோரிக்கைகள்

உதகை மாநாட்டின் கோரிக்கைகளைச் சட்டம் பயின்றவர்களின் கண்ணால் ஒருமுறை பார்ப்போம்.

பறையர் என்று இழிவாக அழைப்பதைத் தண்டனைக்குரிய குற்றமாக்கும் சட்டம் வேண்டும் என்பது முதன்மையான கோரிக்கை. சுதந்திர இந்தியாவில் தீண்டாமைக் குற்றங்களுக்கான சட்டம் வந்தது 1955-இல். பட்டியல் சாதிகள், பட்டியல் பழங்குடிகள் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வந்தது 1989-இல். பிறர் பார்வைக்கு உட்பட்ட இடத்தில் சாதிப் பெயரைச் சொல்லி வசைபாடுவது தனிக் குற்றமாக அச்சட்டத்தில் வெளிப்படையாக எழுதப்பட்டது 2015 திருத்தத்தில். கோரிக்கைக்கும் அந்தத் திருத்தத்துக்கும் இடையே 124 ஆண்டுகள்.

கல்விக்குத் தனிப் பள்ளிகள், அவற்றில் அம்மக்களிலிருந்தே ஆசிரியர்கள், மெட்ரிகுலேஷன் தேறுவோருக்கு உதவித்தொகை, தேறியோருக்கு அரசு வேலை என்பன அடுத்த வரிசை. இவை ஒன்றோடொன்று பிணைக்கப்பட்டவை. பள்ளி திறந்துவிட்டு ஆசிரியரைச் சாதி இந்துக்களிடமிருந்து எடுத்தால் பிள்ளை பள்ளியில் நிற்காது. படித்தபின் வேலை இல்லையென்றால் அடுத்த பிள்ளை பள்ளிக்கு வராது. இட ஒதுக்கீடு என்ற சொல் புழக்கத்துக்கு வருமுன்பே அதன் இயக்க முறையை இக்கோரிக்கைகள் அறிந்திருந்தன.

நகராட்சிகளிலும் கிராம அமைப்புகளிலும் தம் மக்களுக்கு நியமன இடம் வேண்டும் என்பது மற்றொன்று. சொத்தும் வரியும் வாக்குரிமையின் அளவுகோலாக இருந்த காலம் அது. சொத்து வைத்திருக்க விடாத சமூகம், சொத்து இல்லாததைக் காரணம் காட்டிப் பிரதிநிதித்துவத்தை மறுத்தது. அந்தச் சுழலை உடைக்கக் கேட்டதே இக்கோரிக்கை. கிராமப் பதவிகளில் அமர்த்துவதும், ஆட்சியர் ஊருக்கு வரும்போது நேரில் குறை சொல்ல வழிசெய்வதும் இதன் தொடர்ச்சி.

பொதுக் கிணறுகளிலும் குளங்களிலும் தடையின்றி நீர் எடுக்கும் உரிமையும் அப்பட்டியலில் இருந்தது. 1924-இல் சென்னைச் சட்டமன்றத்தில் இரட்டைமலை சீனிவாசன் பொதுச் சாலை, கிணறு பற்றிய தீர்மானத்தைக் கொண்டுவந்தார். 1950-இல் அரசமைப்புச் சட்டத்தின் 15-ஆம் கூறு கிணறுகளையும் குளங்களையும் பெயர் சொல்லியே குறிப்பிட்டது. 2022 டிசம்பரில் புதுக்கோட்டை மாவட்டம் வேங்கைவயலில், தலித் மக்கள் குடிக்கும் நீர்த்தொட்டியில் மலம் கலக்கப்பட்டது. சட்டம் வந்துவிட்டதாலேயே கோரிக்கை பழையதாகிவிடுவதில்லை.

சிறை விதி 464 பற்றிய கோரிக்கை இந்த வரிசையில் ஏழாவதோ எட்டாவதோ என்பது முக்கியமன்று. ஒரு மனிதன் குற்றம் செய்து சிறைக்குப் போனால் அவனுக்கு அரசு தரும் தண்டனை ஒன்று. அவன் பிறப்புக்காக அதே அரசு சேர்த்துத் தரும் தண்டனை இன்னொன்று. இரண்டாவது தண்டனையை எந்த நீதிபதியும் எழுதவில்லை, ஆனால் சிறைக் கையேடு எழுதியது. அரசு நடுநிலையானது என்று நம்பிப் பிரிட்டிஷாரிடம் மனு கொடுத்துக்கொண்டிருந்த அதே மனிதர், அரசின் விதிநூலுக்குள் சாதி குடியிருப்பதைச் சுட்டிக்காட்டத் தயங்கவில்லை.

விக்டோரியா மண்டபத்துக்குப் பின்

1892-இல் சென்னை மகாஜன சபையின் மாநாடு விக்டோரியா மண்டபத்தில் கூடியபோது, அயோத்திதாசர் நீலகிரியின் பிரதிநிதியாகச் சென்றார். சிவன் கோயிலும் விஷ்ணு கோயிலும் எல்லோருக்கும் பொதுவென்றால் எங்களை ஏன் உள்ளே விடுவதில்லை என்ற கேள்வியை எழுப்பினார். அவையில் எதிர்ப்புக் கிளம்பியது. அம்மக்களுக்கெனச் சிறுதெய்வங்கள் இருக்கின்றனவே என்ற பொருளில் பதில் வந்தது. அந்த அவையில் இருந்தவர்கள் படித்தவர்கள். நாட்டுக்கு அரசியல் உரிமை கேட்டுக்கொண்டிருந்தவர்கள். அவர் அதோடு அவையைவிட்டு வெளியேறிவிடவில்லை. அவர்கள் பிள்ளைகளுக்கு இலவசக் கல்வி, கிராமங்களில் தரிசு நிலம் ஆகியவற்றையாவது தாருங்கள் என்று தீர்மானம் கேட்டார்.

நிலம் பற்றிய கோரிக்கை அதே காலத்தில் அரசாங்கத்துக்குள்ளும் எழுந்தது. செங்கல்பட்டு ஆட்சியராக இருந்த திரமென்ஹீர், பறையர்களின் நிலை குறித்து 1891-இல் அரசுக்கு அறிக்கை அளித்தார். 1892-இல் அதன்மீது பிறந்த அரசாணையே, பஞ்சமி நிலம் என்று நாம் இன்றும் மீட்கப் போராடும் நிலங்களின் மூலம். அதிகாரியின் அறிக்கையை வரலாறு நினைவில் வைத்துக்கொண்டது. அதே ஆண்டுகளில் அதே நிலத்தைக் கேட்டுத் தாழ்த்தப்பட்டோர் நடத்திய மாநாடுகளை அது அடிக்குறிப்பிலும் சேர்க்கவில்லை. பஞ்சமி நில வழக்கு நடத்தும் தோழர்கள் இதை நினைவில் கொள்ள வேண்டும்: அந்நிலம் ஓர் ஆங்கில அதிகாரியின் இரக்கத்தில் மட்டும் விளைந்ததன்று.

பௌத்தத்தை ஏற்றல்

விக்டோரியா மண்டபத்தின் கதவு சாத்தப்பட்டபின், இந்து என்ற சொல்லுக்குள் நின்று உரிமை கேட்பதில் அவருக்குப் பற்று இருக்கவில்லை. பிரம்மஞான சபையின் ஆல்காட்டுடன் தொடர்பு ஏற்பட்டது. ஆல்காட் 1894 முதல் சென்னையில் தாழ்த்தப்பட்ட பிள்ளைகளுக்கு இலவசப் பள்ளிகளைத் தொடங்கியிருந்தார். 1898-இல் அயோத்திதாசரும் ஆசிரியர் கிருஷ்ணசாமியும் ஆல்காட்டுடன் இலங்கைக்குச் சென்றனர். கொழும்பில் சுமங்கல மகாநாயகரிடம் அயோத்திதாசர் பஞ்சசீலம் ஏற்றார். திரும்பியதும் சென்னை ராயப்பேட்டையில் சாக்கைய பௌத்த சங்கத்தை நிறுவினார். அம்பேத்கர் நாகபுரியில் பௌத்தம் தழுவியது 1956-இல். அதற்கு 58 ஆண்டுகள் முந்திய நிகழ்வு இது.

சங்கம் சென்னையோடு நிற்கவில்லை. கோலார் தங்கவயலின் சுரங்கத் தொழிலாளர்களிடையே அது ஆழமாக வேரூன்றியது. பெங்களூர், திருப்பத்தூர் என்று பரவி, கடல் கடந்து ரங்கூனுக்கும் தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கும், வேலை தேடிச் சென்ற மக்களோடு அதுவும் சென்றது. பூமிக்கு அடியில் பல ஆயிரம் அடி ஆழத்தில் பொன் வெட்டியவர்கள், மேலே வந்து தங்கள் கூலியில் சந்தா கட்டிப் படிப்பகமும் பள்ளியும் நடத்தினார்கள். இது அறிஞர் ஒருவரின் தனிமனித மதமாற்றம் என்று எழுதுவோர் தங்கவயலைப் பார்க்கத் தவறியவர்கள்.

அவரோடு இயங்கிய பேராசிரியர் லட்சுமி நரசு 1907-இல் பௌத்தத்தின் சாரம் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூல் வெளியிட்டார். அந்நூலை 1948-இல் மறுபதிப்பாக்கி முன்னுரை எழுதியவர் அம்பேத்கர். அதே ஆண்டு வெளிவந்த தீண்டப்படாதோர் பற்றிய தம் ஆய்வில், தீண்டாமையின் வேர் பௌத்தத்துக்கும் பார்ப்பனியத்துக்கும் நடந்த மோதலில் இருப்பதாக அம்பேத்கர் வாதிட்டார். ஒருவரிடமிருந்து மற்றவர் எடுத்தார் என்று நிறுவ முயல்வது தேவையற்ற வேலை. சென்னையிலும் பம்பாயிலும் வெவ்வேறு காலத்தில், வெவ்வேறு மூலங்களோடு உழைத்த இருவர் ஒரே திசையில் வந்து சேர்ந்தார்கள் என்பதே போதிய வலுவுள்ள செய்தி.

ஒரு பைசாவுக்கு ஒரு வரலாறு

1907 ஜூன் 19 அன்று ‘ஒரு பைசாத் தமிழன்’ வார இதழ் வெளிவந்தது. விலையே பெயராக அமைந்த அவ்விதழ் ஓராண்டுக்குப்பின் ‘தமிழன்’ ஆயிற்று. 1914 மே 5 அன்று அவர் இறக்கும்வரை ஏறக்குறைய ஏழாண்டுகள் வாரந்தோறும் எழுதினார். அரசியல் செய்திக் குறிப்பு, வாசகர் கேள்விக்கு விடை, மருத்துவக் குறிப்பு, இலக்கிய உரை, வரலாற்றுத் தொடர் ஆகிய அனைத்தும் அவர் கையிலிருந்தே வந்தன. ‘இந்திரர் தேச சரித்திரம்’, ‘ஆதிவேதம்’ முதலிய தொடர்கள் இவ்விதழில்தான் வளர்ந்தன. திருக்குறளுக்குப் பௌத்த நோக்கில் அவர் எழுதிவந்த உரை முற்றுப்பெறுமுன் அவர் ஆயுள் முடிந்தது.

அவருடைய வாசிப்பு முறையை இக்காலக் கல்வியாளர் சிலர் கற்பனை என்று ஒதுக்குவதுண்டு. தீபாவளியை எள்ளிலிருந்து எண்ணெய் எடுக்கக் கண்டறிந்ததைக் கொண்டாடிய நாள் என்றும், கார்த்திகை விளக்கை ஆமணக்கு எண்ணெயோடு சேர்த்தும் அவர் விளக்கினார். பறையர் என்று தாழ்த்தப்பட்டோர் பண்டைய பௌத்தர் என்றும், பார்ப்பனரை வேஷப் பிராமணர் என்றும் வரலாற்றைத் திருப்பி எழுதினார். இவற்றுள் பலவற்றைக் கல்வெட்டுச் சான்றோடு நிறுவ இயலாது. ஆனால் அவர் எதிர்கொண்ட கதைகளுக்கும் கல்வெட்டுச் சான்று கிடையாது. முகத்திலிருந்து ஒருவரும் காலிலிருந்து ஒருவரும் பிறந்தார்கள் என்ற கதை நீதிமன்றங்களில் இந்துச் சட்டமாகவும், கணக்கெடுப்பில் வரிசையாகவும் செல்லுபடியாகிக்கொண்டிருந்த காலத்தில், சான்று கேட்கும் சுமை தாழ்த்தப்பட்டவன்மீது மட்டும் ஏன் விழ வேண்டும்? சொல்லின் வேரையும் பண்டிகையின் வழக்கத்தையும் வாய்மொழிக் கதையையும் சாட்சிகளாக அழைத்து, எழுதப்பட்ட ஆவணத்தைக் குறுக்கு விசாரணை செய்தார் என்று அவருடைய எழுத்தை வாசித்தால் அதன் பயன் துலங்கும்.

சுதேசி இயக்கத்தின்மீது அவர் வைத்த விமர்சனம் இவ்விதழின் மையமான அரசியல். அந்நியத் துணியை எரிப்போர் தம் ஊர்க் கிணற்றில் நீர் எடுக்க விடாதது ஏன், ஆட்சி கைமாறினால் அது யார் கைக்குப் போகும் என்பவை அவர் விடாமல் எழுப்பிய வினாக்கள். பிரிட்டிஷ் ஆட்சியின்மீது அவர் வைத்திருந்த நம்பிக்கை மிகையானது. அந்த ஆட்சியின் நிலவரியும் சுரண்டலும் அவருடைய மக்களைத்தான் முதலில் வாட்டின. இக்குறையை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அவரை வெள்ளைக்காரர் ஆதரவாளர் என்ற ஒற்றைச் சொல்லில் முடித்துவிடுவோர், அவர் எழுப்பிய வினாவுக்கு விடை சொல்லாமல் தப்புகிறார்கள்.

85 ஆண்டு மௌனம்

அவர் மறைவுக்குப்பின் மகன் பட்டாபிராமன் சிறிது காலம் இதழை நடத்தினார். 1926 முதல் 1930களின் நடுப்பகுதி வரை கோலார் தங்கவயலிலிருந்து ஜி. அப்பாதுரையார் ‘தமிழன்’ இதழைத் தொடர்ந்தார். அப்பாதுரையார் சுயமரியாதை இயக்கத்தோடும் நெருங்கிப் பணியாற்றியவர். தங்கவயலின் சித்தார்த்தா புத்தகசாலை அயோத்திதாசரின் எழுத்துகளைச் சிறு நூல்களாக அச்சிட்டது. அதன்பின் அவை பொதுவெளியிலிருந்து மறைந்தன. தமிழ் இதழியல் வரலாற்றிலும் தமிழ் இலக்கிய வரலாற்றிலும் அவர் பெயர் இல்லாமலே பல பத்தாண்டுகள் கழிந்தன. பழைய இதழ்க் கட்டுகள் பௌத்தக் குடும்பங்களின் வீடுகளிலும், அன்பு பொன்னோவியம் போன்ற தேடலாளர்களிடமும் மட்டுமே தங்கின. பாட்டன் வீட்டுச் சுவடிக்கு நேர்ந்தது பேரனின் அச்செழுத்துக்கும் நேர்ந்தது.

1998-இல் வ. கீதாவும் எஸ்.வி. ராஜதுரையும் ஆங்கிலத்தில் எழுதிய பெருநூல், அயோத்திதாசரிலிருந்து பெரியார் வரை என்று தலைப்பிலேயே அவரைத் தொடக்கமாக வைத்தது. அதே ஆண்டு ஞான. அலாய்சியஸ், காலனியக் காலத் தமிழரிடையே எழுந்த பௌத்த இயக்கத்தை விடுதலை அடையாளமாகக் காட்டும் ஆய்வை வெளியிட்டார். அவரே தொகுத்த ‘அயோத்திதாசர் சிந்தனைகள்’ தொகுதிகளைப் பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியின் நாட்டார் வழக்காற்றியல் ஆய்வு மையம் 1999-இல் வெளியிட்டது. மூன்றாம் தொகுதி 2003-இல் வந்தது. இத்தொகுதிகள் வந்தபின்தான் அவரைப் பற்றிப் பேசுவதோடு அவரையே வாசிப்பதும் சாத்தியமாயிற்று. டி. தருமராஜ், ஸ்டாலின் ராஜாங்கம் ஆகியோரின் நூல்கள் அவருடைய வாசிப்பு முறையையும், அவரைச் சூழ்ந்திருந்த உள்ளூர் ஆளுமைகளையும், மக்கள் வழக்கில் எஞ்சிய பௌத்தத்தையும் விரித்தன. கெயில் ஓம்வெத் தம் ‘பேகம்புராவைத் தேடி’ என்னும் ஆங்கில நூலில், சாதி எதிர்ப்புச் சிந்தனையாளர்களின் நெடிய வரிசையில் அவரையும் வைத்தார்.

இந்நூல்களுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். அவற்றுக்குப் பின்னால் எழுந்த சச்சரவையும் காண்கிறோம். திராவிடம் என்ற சொல்லை அரசியலில் முதலில் கையாண்டவர் அயோத்திதாசரே என்று சொல்லிப் பெரியாரைச் சிறுமைப்படுத்த ஒரு தரப்பு முயல்கிறது. பெரியாருக்கு வழி அமைத்தவர் என்ற ஒற்றைப் பாராட்டோடு அவரை அறைக்குள் பூட்டிவைக்க இன்னொரு தரப்பு முயல்கிறது. இரு தரப்புக்கும் உதகை மாநாட்டின் பத்துக் கோரிக்கைகள் தேவைப்படுவதில்லை. யார் முதலில் என்ற வழக்கில் வென்றாலும் தோற்றாலும், சிறைக் கையேட்டின் ஒரு வரியும் மாறப்போவதில்லை.

நாம் மறைக்கக் கூடாத பக்கம்

அயோத்திதாசர் தாழ்த்தப்பட்டோர் என்றும் தாழ்ந்தோர் என்றும் இரு வகை பிரித்தார். பண்டைய பௌத்தராக இருந்து பகையால் கீழே தள்ளப்பட்டோர் முதல் வகை. அருந்ததியர், குறவர் முதலிய சமூகங்களை அவர் இரண்டாம் வகையில் வைத்தார். சாதியின் வேரையே கேள்வி கேட்டவர், தம் மக்களுக்குக் கீழே ஒரு கோட்டை இழுத்தார். இதைக் காலத்தின் குறை என்று சொல்லி நகர்ந்துவிட முடியாது. அந்தக் கோட்டுக்குக் கீழே நிறுத்தப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று நம்மோடு ஒரே மேடையில் நிற்கிறார்கள். சிறையிலும் சாக்கடையிலும் துப்புரவு வேலை அதிகம் சுமத்தப்பட்டது அவர்கள்மீதுதான்.

தமிழ்நாடு 2009-இல் அருந்ததியருக்குப் பட்டியல் சாதி இட ஒதுக்கீட்டுக்குள் 3 விழுக்காடு உள் ஒதுக்கீடு தந்தது. 2024 ஆகஸ்ட் 1 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு, இத்தகைய உட்பிரிவு செய்யும் அதிகாரம் மாநிலங்களுக்கு உண்டென்று தீர்ப்பளித்தது. அத்தீர்ப்பை ஒட்டி நம் அமைப்புகளுக்குள் எழுந்த கசப்பைப் பார்க்கும்போது, அயோத்திதாசர் இழுத்த கோடு இன்னும் முழுதாக அழியவில்லை என்றே தோன்றுகிறது. பண்டிதரை மதிப்பதற்கு அவரைப் பிழையற்றவராக்க வேண்டியதில்லை. பெயரை எழுதும் உரிமை எவர் கையில் இருக்கிறது என்று அவர் அரசைக் கேட்டதை, அருந்ததியத் தோழர்கள் அவரையே கேட்பார்கள், அக்கேள்வி நியாயமானது. விதி 464-ஐ அவர் எதிர்த்தது தம் மக்களுக்காக. எந்தச் சாதியாருக்கும் அந்த வேலையைப் பிறப்பின் பெயரால் தரக் கூடாது என்பது வரை அக்கோரிக்கையை நீட்டுவது நம் பொறுப்பு.

மாணவத் தோழர்களுக்கு நம் பரிந்துரை எளியது. அயோத்திதாசரைப் பற்றிய நூல்களுக்கு முன் அவருடைய தொகுதிகளைக் கையில் எடுங்கள். உங்கள் கல்லூரி நூலகத்தில் அவை இல்லையெனில் வாங்கித் தரும்படி எழுத்தில் கேளுங்கள். அரசியல் பகுதிகளை முதலில் வாசியுங்கள். தத்துவத்துக்கு மெல்ல வரலாம். வாசிப்பு வட்டம் நடத்துவோர், பத்துக் கோரிக்கைகளை ஒரு பத்தியிலும், அவற்றுக்கு இணையான இன்றைய சட்டக் கூறுகளை மறு பத்தியிலும் எழுதி, எது இன்னும் நடைமுறையில் இல்லை என்பதை உங்கள் ஊரிலிருந்தே சான்று காட்டி நிரப்புங்கள்.

வழக்கறிஞர்களுக்கும் செயற்பாட்டாளர்களுக்கும் ஒரு வேலை காத்திருக்கிறது. உச்ச நீதிமன்றம் நீக்கச் சொன்ன சாதிப் பத்தி, நம் மாவட்டச் சிறையின் பதிவேட்டில் இப்போது இருக்கிறதா, இல்லையா? கழிவறை கழுவும் வேலை யாருக்குத் தரப்படுகிறது? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் ஒரு விண்ணப்பத்துக்குப் பத்து ரூபாய் கட்டணம். ஒரு பைசாவுக்கு இதழ் நடத்தியவர், விதியின் எண்ணைக் குறிப்பிட்டுத்தான் மனு எழுதினார். நாமும் அப்படியே எழுதத் தொடங்கலாம்.